புதன்கிழமை மகன்

தன் மகன் உயிரோடு இருக்கிறானா என்று தெரிந்துகொள்வதற்காக இன்பநாதன் ஆபீஸ் ஆபீஸாக ஏறி இறங்கியது 1962 நவம்பர் கடைசியில். சீனாக்காரனோடு நடந்த சண்டை நின்றுவிட்டதாகப் பேப்பரில் போட்டிருந்தார்கள். சண்டை போட்டவர்கள் இப்போது எங்கே இருக்கிறார்கள் என்பதைப் போடவில்லை. எட்மண்ட் அங்கேதான் இருந்தான். பட்டாளத்தில் லாரி ஓட்டுகிறவன். இங்கே குளிர் ஆரம்பித்துவிட்டது, அம்மாவை ஸ்வெட்டர் பின்னச் சொல்லவும் என்று அக்டோபர் தொடக்கத்தில் எழுதியவன், அதன் பிறகு எழுதவில்லை.

இன்பநாதனுக்குப் புனேயில் கேம்ப் என்கிற வட்டாரத்தில் ஒரு சினிமாக் கொட்டகையில் வேலை. இருட்டில் டார்ச் அடித்து ஆட்களை அவரவர் நாற்காலியில் உட்காரவைப்பார். படத்துக்கு முன்னால் அரசாங்கச் செய்திப்படம் ஒன்று ஓடும். அது முடிந்த பிறகு உள்ளே போகலாம் என்று ஜனங்கள் வெளியே நின்று பீடி பிடிப்பார்கள். காலி நாற்காலிகளுக்கு நடுவில் நின்று அதைப் பார்த்தவர் இன்பநாதன் ஒருவர்தான். பனியில் ஜவான்கள் வரிசையாக நடந்து போனார்கள். நடுவில் ஒருவன் எட்மண்ட் மாதிரியே இடது தோளைச் சரித்துக்கொண்டு நடந்தான். அவன் முகத்தைத் திருப்பப் போகிற சமயத்தில் காட்சி மாறி, ஒரு மந்திரி உரத்தொழிற்சாலைக்கு ரிப்பன் வெட்டினார். ஒவ்வொரு ஆட்டத்திலும் அந்த ஜவான் முகத்தைத் திருப்பப் போனான். ஒவ்வொரு ஆட்டத்திலும் மந்திரி வெட்டினார்.

கடைசியில் மெஷின் ஓட்டுகிற யூசுஃப்பிடம், அந்த இடத்தில் ஒரு நிமிஷம் நிறுத்திக் காட்ட முடியுமா என்று கேட்டார்.

"நிறுத்துனா பிலிம் பொசுங்கிரும் அண்ணாச்சி," என்றான் யூசுஃப். பிறகு, சொல்லலாமா என்று யோசித்துவிட்டுச் சொன்னான். "அது இந்தச் சண்டையில எடுத்ததே இல்ல. முந்தியே இதே துண்டை ஓட்டிருக்கேன். அப்ப, ஜவான்கள் ரோடு போடப் போறாங்கன்னு சொன்னாங்க."

மறுநாள் இன்பநாதன் பட்டாள ஆபீஸுக்குப் போனார்.

"உங்கள் மகன் பெயர் பட்டியலில் இல்லை," என்றார் அங்கிருந்த குமாஸ்தா.

"அப்போ உசுரோட இருக்கானா சார்?"

"பட்டியல் இன்னும் வரவில்லை."

இன்பநாதன் நகராமல் நிற்பதைப் பார்த்துக் குமாஸ்தாவுக்கு இரக்கம் வந்தது. ஜவான்களின் அப்பா அம்மாக்களை 'தேசக் குரல்' அலுவலகத்தில் தேடுகிறார்கள், அங்கே போய்ப் பாருங்கள் என்று வழி சொல்லி அனுப்பினார். தேடுகிறவர்களுக்கு ஏதோ தெரிந்திருக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டு இன்பநாதன் அங்கே போனார்.

தேசக் குரல் அலுவலகம் அந்த மாதம்தான் ஆரம்பிக்கப்பட்டிருந்தது. வெள்ளைக்கார மேஜர் ஒருவர் விட்டுப்போன பங்களா. வாசலில் மூன்று பாஷையில் எழுதிய போர்டில் பெயிண்ட் இன்னும் காயவில்லை. உள்ளே பாஷைக்கு ஓர் அறை ஒதுக்கியிருந்தார்கள். தமிழுக்குக் கிடைத்தது குளியலறை. பழைய குளியல் தொட்டியில் நாடகப் பிரதிகளை அடுக்கிவைத்து, அதன் பக்கத்தில் மேஜை போட்டுத் தமிழ்ப் பிரிவின் பொறுப்பாளர் ஜம்பு உட்கார்ந்திருந்தார். மெட்ராஸிலிருந்து வந்தவர். குழாய் சொட்டும்போதெல்லாம் காகிதத்தை நகர்த்திக்கொள்வார்.

இன்பநாதன் வந்த விஷயத்தைக் கேட்டதும் ஜம்பு அவரைக் கையைப் பிடித்து இயக்குநரிடம் கூட்டிக்கொண்டு போனார்.

இயக்குநர் டாம்லே தங்கக் கண்ணாடி போட்ட, மரியாதையான மனிதர். நாற்காலி போடச் சொன்னார். இன்பநாதன் பேசியதை முழுவதும் கேட்டார். பிறகு இங்கிலீஷும் இந்தியும் கலந்து ஒரு சின்ன உரை ஆற்றினார்.

"செய்தி வேண்டும் என்கிறீர்கள். செய்தி எங்களிடம் இல்லை. செய்தி என்பது இன்றைக்கு ஒன்றாக இருக்கும், நாளைக்கு வேறாகிவிடும். நாங்கள் கொடுப்பது நம்பிக்கை. அது மாறவே மாறாது. ஏனென்றால் நடந்ததற்கும் அதற்கும் சம்பந்தம் கிடையாது. இந்தத் தேசத்தில் இத்தனை கோடிப் பேர் இருக்கிறார்கள். ஒருவர் பேசுவது இன்னொருவருக்குப் புரிவதில்லை. ஆனால் எல்லோரும் ஒரே நேரத்தில் ஒரே பெட்டியின் முன்னால் உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டால் அதுதான் தேசம். அந்தக் கண்ணீரைத் தயாரித்துக் கொடுக்கிற பொறுப்பை என்னிடம் விட்டிருக்கிறார்கள்."

திட்டத்தையும் அவரே விளக்கினார். 'எல்லையிலிருந்து ஒரு மகன்' என்ற வானொலித் தொடர். பாஷைக்கு ஒரு ஜவான். வாரம் ஒரு நாள் அவன் எல்லையிலிருந்து வீட்டோடு பேசுவான், வீடு அவனோடு பேசும்.

"பேசுவானா?" என்று எழுந்துவிட்டார் இன்பநாதன். "எம் மவன் பேசுவானா சார்?"

"குரலுக்கு ஆள் வைத்திருக்கிறோம்," என்றார் டாம்லே. "உங்கள் மகனின் பெயரையும் குடும்பத்தையும் மட்டும் கொடுத்தால் போதும். தமிழர், கிறிஸ்தவர், வசிப்பது மகாராஷ்டிரத்தில்! ஜம்பு, ஒரே வீட்டில் மூன்று ஒருமைப்பாடு! இதைத் தில்லிக்கு உடனே தெரிவித்துவிடுங்கள்."

தொடர் நடக்கிற வரையில் பட்டாளத்தாரோடு தங்களுக்கு நேரடித் தொடர்பு இருக்கும் என்றும், எட்மண்டைப் பற்றித் தகவல் வந்தால் முதலில் இந்த அலுவலகத்துக்குத்தான் வரும் என்றும் ஜம்பு சொன்னார். அந்த ஒரு வார்த்தைக்காக இன்பநாதன் சம்மதித்தார். கூடவே, அப்பாவாகத் தானே பேசுவதாகவும் சொன்னார். ஒருவேளை அவன் எங்காவது கேட்டுவிட்டால்?

அதற்குக் குரல் தேர்வு எழுத... இல்லை, பேச வேண்டும் என்றார்கள்.

கண்ணாடிக்குப் பின்னால் திரை போட்டு ஐந்து பேர் உட்கார்ந்தார்கள். ஆளைப் பார்த்து இரக்கப்பட்டுவிடக் கூடாது என்பதற்காகத் திரை. 'அருமை மைந்தா! வீரத் திருமகள் உன் தோளில் துயில்கிறாள்' என்று தொடங்கிய காகிதத்தை இன்பநாதன் இரண்டு முறை படித்துப் பார்த்து மூச்சு வாங்கினார். அப்படியானால் சொந்தமாகவே பேசுங்கள், உங்கள் மகன் எதிரில் இருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள் என்று ஒலிபெருக்கியில் குரல் வந்தது.

இன்பநாதன் மைக்கைப் பார்த்தார்.

"எட்மண்டு... அப்பா பேசுதேன்டே. நல்லா இருக்கியா? கை கால்லாம் நல்லா இருக்கா? அங்க ரொம்பக் குளுருதாமே. அம்மை ஸ்வெட்டர முடிச்சிட்டா. எங்க அனுப்பணும்னு தெரியல. ஒரு வரி எழுதிப் போடேன். எழுத முடியலன்னா யாருகிட்டயாவது சொல்லி விடு. சாப்பாட்டுக்கு என்ன செய்தே?"

அவர் தேறவில்லை. குழுவின் முடிவை ஜம்பு படித்துக் காட்டினார். தந்தைக்குரிய குரல் இல்லை. மூச்சு இடையில் உடைகிறது. வாக்கியங்கள் கேள்விகளாக முடிகின்றன. நாடு நெருக்கடியில் இருக்கும்போது தந்தையர் கேள்வி கேட்பது விரும்பத்தக்கதல்ல. உச்சரிப்பு மாவட்டத் தரம்.

"மனசுல வச்சுக்காதீங்கோ," என்றார் ஜம்பு. "நேத்து இதே தேர்வுல நிஜ விவசாயி ஒருத்தர் விவசாயி பாத்திரத்துக்குத் தேறலை."

அப்பாவாக ஜம்புவே பேசுவதென்று முடிவாயிற்று.

அடுத்த வாரம் இன்பநாதனின் மனைவி ஆரோக்கியமணியை வரச்சொல்லி, மகனைப் பற்றி எல்லாவற்றையும் கேட்டார்கள். கல்யாணமான புதிதில் நெல்லைச் சீமையிலிருந்து வந்து, கேம்ப்பின் பின்தெருவில் ஒரு லைன் வீட்டிலேயே காலம் தள்ளியவள் அவள். அரசாங்கம் அவளிடம் எதையும் கேட்டதே இல்லை. இப்போது ஜம்பு மேஜை போட்டு, தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டார். அவள் சொல்லிக்கொண்டே போனாள். சின்ன வயதில் குழாயடியில் விழுந்து நெற்றியில் தழும்பு. பாவ் ரொட்டியைக் கருவாட்டுக் குழம்பில் தொட்டுத் தின்பான். கோயில் பாட்டுக் குழுவில் ராகம் தப்பினால் வாயை மட்டும் அசைப்பான். தங்கச்சி பிலிஸை 'எலிக்குட்டி' என்பான்.

தொடர் ஆரம்பித்த புதன்கிழமைக்கு முந்தின நாள், அவர்கள் வீட்டுக்கு அலுவலகமே ஒரு ரேடியோப் பெட்டியைக் கொண்டுவந்து வைத்தது. வேறு நாட்டு நிலையங்கள் தவறிப்போய்க் காதில் விழாமல் இருக்க, நிலையம் மாற்றும் குமிழை அரக்கு வைத்து மூடியிருந்தார்கள். டாம்லே நேரில் வந்தார். ஒரே ஒரு மாலைதான் கொண்டுவந்திருந்தார்கள். அதைப் பெட்டிக்குப் போட்டார்கள்.

மறுநாள் சாயங்காலம் பக்கத்து வீட்டு ஜொஹ்ரா உட்பட லைனில் பாதிப்பேர் அந்த ஒற்றை அறையில் நெருக்கியடித்து உட்கார்ந்தார்கள். ஷெனாய் வாசித்தார்கள். காற்று ஊளையிட்டது. பிறகு ஒரு குரல் வந்தது.

"அன்னையே! பனிமலையின் மடியில் தலை சாய்த்திருக்கிறேன். ஆயினும் உன் சர்க்கரைப் பொங்கலின் நறுமணம் என் நெஞ்சை விட்டு அகலவில்லை!"

"இது யாரு பேசுதது?" என்றாள் ஆரோக்கியமணி. "எம் பிள்ள எங்க பொங்கல் தின்னான்? கருவாடுல்லா கேப்பான்."

ஜம்புவின் குரல் அப்பாவாகப் பதில் சொன்னது. உன் தங்கை பிலிஸ் பரதம் பயில்கிறாள், அரங்கேற்றத்துக்கு நீ வெற்றியோடு வருவாய் என்றது.

பிலிஸ் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்ப்பவள். தமிழ் அவளுக்குத் தட்டுத்தடுமாறித்தான் வரும். "அரே, நான் எங்க டான்ஸ் பண்றேன் டாடி? ட்ரங்க் கால் போடறேன், அவ்ளோதான். சப் ஜூட் ஹை, எல்லாம் பொய்," என்றாள்.

கருவாட்டை ஏன் எடுத்தீர்கள் என்று இன்பநாதன் பிறகு கேட்டபோது, அந்த வாசனை மாநில எல்லைகளைத் தாண்டிப் போகக் கூடாது என்பது மேலிடத்துக் கருத்து என்றார் ஜம்பு. பட்டாளத்திலிருந்து ஏதாவது தகவல் உண்டா என்றும் இன்பநாதன் கேட்டார். தகவல் வந்தால் சொல்லாமல் இருப்போமா என்றார் ஜம்பு.

இரண்டாவது வாரமும் ஆரோக்கியமணி ஒப்புக்கொள்ளவில்லை. மூன்றாவது வாரம் அந்தக் குரல், "அம்மா, குளிரில் நெற்றித் தழும்பு வலிக்கிறது," என்றது. ஆரோக்கியமணி அரிசி புடைத்துக்கொண்டிருந்தவள் நிறுத்தினாள்.

"தழும்பு அவனுக்கு எப்படித் தெரியும்?"

"நீதான சொன்ன," என்றார் இன்பநாதன்.

"நான் அந்த ஆபீஸ் அய்யர்ட்டல்லா சொன்னேன். இவன்ட்ட சொல்லலியே."

அடுத்த வாரம் குரல், "எலிக்குட்டி எப்படி இருக்கா?" என்று கேட்டது. ஆரோக்கியமணி பெட்டியின் பக்கமாக நகர்ந்து உட்கார்ந்து, "நல்லா இருக்கா ஐயா," என்றாள். அன்றிலிருந்து புதன்கிழமைகளில் அவள் விளக்கேற்றி, தலைவாரி, நல்ல சேலை உடுத்திக்கொண்டு உட்கார்ந்தாள்.

இன்பநாதன் மறுத்துப் பேசாததற்கு ஒரு காரணம் இருந்தது. அவள் மறுபடியும் சாப்பிட ஆரம்பித்திருந்தாள். இன்னொன்றும் நடந்தது. இத்தனை வருஷமாக அந்தத் தெருவுக்கு அவர்கள் 'மதராஸி'. ஒரே மாதத்தில் ஆரோக்கியமணி 'ஜவானின் அம்மா' ஆனாள். தண்ணீர்க் குழாயில் அவளுக்கு முதலிடம் விட்டார்கள். இறைச்சிக் கடைக்காரன் எலும்பில்லாமல் வெட்டிக் கொடுத்தான். இந்தத் தேசத்தில் தாங்களும் இருக்கிறோம் என்பதை அவள் முதல் தடவையாக உணர்ந்தாள். அதற்கு ஒரு மகன் ரேடியோவில் இருக்க வேண்டியிருந்தது.

கிறிஸ்மஸ் கழிந்த வாரத்தில் குரல் இருமியது. ஆரோக்கியமணி துடித்துப்போனாள். பின்னிவைத்த ஸ்வெட்டரை எடுத்துக்கொண்டு தேசக் குரல் அலுவலகத்துக்கு நேரே போய்விட்டாள். அலுவலகம் அதை வாங்கிக்கொண்டது. வாங்கிக்கொண்டதை அடுத்த வாரமே ஒலிபரப்பியும் விட்டது. "அம்மா அனுப்பிய ஸ்வெட்டர் கிடைத்தது. பகைவனின் குளிர் இனி என்னை அண்டாது!"

சில நாள் கழித்து இன்பநாதன் தகவல் கேட்க அங்கே போயிருந்தபோது, வராந்தாவில் ஓர் இளைஞன் டீ குடித்துக்கொண்டிருந்தான். கரும்பச்சை ஸ்வெட்டர் போட்டிருந்தான். கழுத்தில் ஆரோக்கியமணி போடுகிற இரட்டைப் பின்னல்.

அவன் எழுந்துவிட்டான். பெயர் சேவியர், கிர்க்கி பக்கம் ஒரு ஃபாக்டரியில் குமாஸ்தா, புதன்கிழமை மட்டும் இங்கே வருவதாகச் சொன்னான்.

"அங்கிள், நான் கேக்கல. சத்தியமா. ஸ்டுடியோவுல ஏசி, ரொம்ப டண்டா இருக்கும். இருமல் ரெக்கார்ட் ஆயிடுதுன்னு அவங்களே குடுத்தாங்க. கழட்டிடறேன்."

அவன் கழற்றப் போனான். தலை உள்ளே மாட்டிக்கொண்டது. இரண்டு கையும் மேலே தூக்கியபடி நின்ற அந்த உடம்பை இன்பநாதன் பார்த்துக்கொண்டிருந்தார். எட்மண்டின் அளவு சரியாகத்தான் இருந்தது.

"போட்டுக்கோப்பா," என்று இழுத்துவிட்டார். "நெஞ்சுல சளி கட்டிக்கிட்டா லேசுல போவாது."

ஜனவரி மாதம் ஒரு மத்தியான ஆட்டத்தின் நடுவில் யூசுஃப் கீழே வந்து, இன்பநாதனைத் தேடி பட்டாள ஜீப் வந்திருப்பதாகச் சொன்னான். கொட்டகையின் வெளிவராந்தாவில் ஒரு சுபேதார் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். எட்மண்ட் ஓட்டிய லாரி சண்டையின் முதல் நாளிலேயே பாலத்தோடு போய்விட்டது. உடன் இருந்து பிழைத்தவன் ஆஸ்பத்திரியில் பேசுகிற நிலைக்கு வந்தது இப்போதுதான். தேடிப்போனவர்கள் அங்கேயே புதைத்துவிட்டார்கள். நல்ல டிரைவர் என்று சுபேதார் சொன்னார். அவர் கண் கலங்கியிருந்தது.

இன்பநாதன் கணக்குப் போட்டுப் பார்த்தார். செய்திப்படத்தில் முகம் திரும்பக் காத்திருந்தபோது, குரல் தேர்வில் கை கால் நல்லா இருக்கா என்று கேட்டபோது, எல்லாம் அவன் செத்துத்தான் இருந்தான்.

வீட்டுக்கு வந்து பிலிஸிடம் சொன்னார். அவள் சுவரில் சாய்ந்து அழுதாள். இரண்டு பேரும் சேர்ந்து ஆரோக்கியமணியிடம் சொன்னார்கள். அவள் கோபப்பட்டாள்.

"கூறு கெட்டுப்போச்சா உங்களுக்கு? போன புதன்கிழமை பேசினானே! மொதல் நாளே போனவன் ஸ்வெட்டர் கெடச்சிதுன்னு எப்படிச் சொல்லுவான்?"

"மம்மி, அது ஆக்டர்..."

"நீ சும்மா இருட்டி. ஒன்னப் பத்திக்கூடக் கேட்டான்."

தொடரை நிறுத்தச் சொல்லலாம் என்று இன்பநாதன் டாம்லேயிடம் போனார். டாம்லே எழுந்து நின்று அனுதாபம் தெரிவித்தார். பிறகு உட்கார்ந்தார்.

"உங்கள் எட்மண்ட் இறந்துவிட்டான். அது உங்கள் குடும்ப விஷயம். அதில் தலையிட எனக்கு உரிமை இல்லை. ஆனால் எங்கள் எட்மண்டைக் கொல்ல எனக்கும் அதிகாரம் இல்லை. அவன் ஜூன் வரைக்கும் உயிரோடு இருப்பதாக அனுமதி வாங்கியிருக்கிறோம். இப்போது தமிழ் ஜவானைச் சாகவைத்தால், எங்கள் ஜவான் மட்டும் ஏன் சாகவில்லை, நாங்கள் தியாகம் செய்யத் தெரியாதவர்களா என்று மற்ற பாஷைக்காரர்கள் கேட்பார்கள். எல்லோரையும் சாகவைத்தால், நாம் சண்டையில் என்ன செய்தோம் என்று ஜனங்கள் கேட்பார்கள். பாருங்கள், ஒரு சாவு எத்தனை கேள்வியைக் கிளப்புகிறது! அவன் உயிரோடு இருப்பதில்தான் ஒரு கேள்வியும் இல்லை."

"ஒரு நிமிசம் போதும் சார்," என்றார் இன்பநாதன். "நானே வந்து பேசிருதேன். எம் மவன் செத்துட்டான், அவன் ஆத்துமாவுக்காக வேண்டிக்கிடுங்கன்னு மட்டும் சொல்லிருதேன். அவ நான் சொன்னா நம்ப மாட்டேங்கா. ரேடியோவுல சொன்னா நம்பிருவா."

டாம்லே மேஜை மேலிருந்த காகிதத்தைச் சரிப்படுத்தினார். உண்மையிலேயே வருத்தப்படுகிறவர் போல்தான் இருந்தார்.

"நீங்கள் குரல் தேர்வில் தேறவில்லையே," என்றார்.

இன்பநாதன் தெருவில் ஒவ்வொருவரிடமும் சொல்ல ஆரம்பித்தார். இறைச்சிக் கடைக்காரன் வெட்டுக்கத்தியைக் கீழே வைத்துவிட்டு, "நேற்று நானே கேட்டேனே பாபா," என்றான். சிலர் அவருக்குப் புத்தி கலங்கிவிட்டதென்று பரிதாபப்பட்டார்கள். நல்ல செய்தியைக் கெடுக்கிறானே இந்த மதராஸி என்று சிலர் முணுமுணுத்தார்கள். மதராஸி என்று அந்தத் தெருவில் கேட்டு வெகுநாள் ஆகியிருந்தது.

அந்த வாரமே போலீஸ் இன்ஸ்பெக்டர் வீட்டுக்கு வந்தார்.

"உங்கள் மகன் இறந்துவிட்டதாக வதந்தி பரப்புகிறீர்கள் என்று புகார்."

"பட்டாளத்துல இருந்து வந்து சொன்னாங்க சார்."

"உங்களிடம் சொன்னார்கள். மற்றவர்களிடம் சொல்லலாம் என்று சொன்னார்களா?"

சொல்லவில்லை என்பதை இன்பநாதன் ஒப்புக்கொண்டார். இன்ஸ்பெக்டர் நல்லவர். எச்சரிக்கையோடு விட்டுவிட்டார். போகும்போது ஆரோக்கியமணிக்கு சல்யூட் அடித்துவிட்டுப் போனார்.

இனி மிஞ்சியது பூசை. பங்குச் சாமியார் கோவாக்காரர், வயதானவர். இறந்தவனுக்குப் பூசை வைக்கத் தனக்கு யாருடைய அனுமதியும் வேண்டாம் என்றார். ஆனால் கூட்டம் இருக்கும்போது வைத்தால் உனக்குத்தான் தொந்தரவு வரும் என்று யோசித்து, புதன்கிழமை சாயங்காலம் வைக்கலாம் என்றார். அந்த நேரத்தில்தான் கோயிலில் ஒருவரும் இருப்பதில்லை. எல்லோரும் ரேடியோவுக்கு முன்னால் இருப்பார்கள்.

ஆரோக்கியமணியைக் கூப்பிட்டார்கள்.

"அவன் பேசுத நேரத்துல நான் எங்க வர?" என்றாள்.

இன்பநாதனும் பிலிஸும் மட்டும் முன்வரிசையில் முழந்தாளிட்டார்கள். யூசுஃப் பின்வரிசையில், எப்போது எழுந்திருப்பது என்று தெரியாமல் நின்றுகொண்டே இருந்தான். சாமியார் எட்மண்டின் பெயரைச் சொன்ன சமயத்தில், எதிர்வீட்டு ஜன்னலிலிருந்து ஷெனாய் கேட்டது. பிறகு, "அன்னையே! நான் நலம்!" என்று எட்மண்ட் கோயிலுக்குள் வந்தான். சாமியார் குரலை உயர்த்தினார். அவருக்கு எழுபது வயதுக்கு மேல். ஜன்னலில் இருந்தவன் இளைஞன். பூசை முடியும்வரை அவர்கள் இரண்டு பேரும் மாறி மாறிப் பேசினார்கள்.

அதன் பிறகு இன்பநாதன் யாரிடமும் எதுவும் சொல்லவில்லை. புதன்கிழமைகளில் கொட்டகையிலேயே தங்கிவிட்டார். செய்திப்படம் ஓடும்போது வெளியே போய் நின்றார்.

ஜூன் மாதம், மழை தொடங்கியிருந்த ஒரு புதன்கிழமை, ஷெனாய்க்குப் பதிலாக மாட்டுமணிச் சத்தம் வந்தது. வீட்டுத் தோட்டத்தில் வெண்டைக்காய் பயிரிடுவது எப்படி என்று ஒருவர் பேசினார். ஆரோக்கியமணி விளக்கேற்றி உட்கார்ந்திருந்தாள். வெண்டைக்காய் முடிந்ததும் எட்மண்ட் வருவான் என்று நினைத்தாள். அதற்கடுத்த வாரம் கோழி நோய்கள். அதையும் கடைசிவரை கேட்டாள். பிறகு புருஷனிடம், "அவுக ஆபீஸ்ல போய் என்னன்னு கேளுங்களேன்," என்றாள். "அவனுக்கு என்னமோ ஆயிருக்கு. எம் மனசு அடிச்சிக்கிடுது."

இன்பநாதன் போனார். வாசல் போர்டில் தேசக் குரலை அழித்துவிட்டு 'விளைச்சல் குரல்' என்று எழுதியிருந்தார்கள். டாம்லே பதவி உயர்வில் தில்லிக்குப் போய்விட்டார். புது இயக்குநருக்கு மகன்களைப் பற்றித் தெரியவில்லை. நாடு இப்போது உணவு உற்பத்தியில் நம்பிக்கை வைத்திருக்கிறது என்று மட்டும் சொன்னார். குளியலறையில் ஜம்பு தொட்டியைக் காலி செய்துகொண்டிருந்தார்.

"தொடர் முடிஞ்சுடுத்து," என்றார்.

"செத்துட்டான்னாவது ஒரு வார்த்த சொல்லி முடிச்சிருக்கலாமே சார். அவளுக்கு அது போதுமே."

"சாகறதுக்கு மேலிடத்து அனுமதி வேணும். வீடு திரும்பறதுக்கு அதைவிடப் பெரிய அனுமதி வேணும்." ஜம்பு பிரதிகளைக் கட்டி முடிச்சுப் போட்டார். "நிறுத்தறதுக்குத்தான் ஒருத்தர்கிட்டயும் கேக்க வேண்டாம்." பிறகு நினைவு வந்தவராக, வீட்டிலிருக்கிற பெட்டியைத் திரும்ப எடுத்துக்கொள்ள உத்தரவாகியிருப்பதாகவும், அது சாகண் என்ற பக்கத்து ஊரில் உருளைக்கிழங்கு போடுகிறவர்களுக்குப் போகிறதென்றும் சொன்னார்.

சனிக்கிழமை காலையில் ஜம்புவும் ஒரு பியூனும் டாங்காக் குதிரைவண்டியில் வந்தார்கள். ஆரோக்கியமணி பெட்டியைக் கட்டிப்பிடித்துக்கொண்டாள். ஜம்பு இலக்கணச் சுத்தமாகத் தமிழில் விளக்கினார். பியூன் மராட்டியில் விளக்கினான். பிலிஸ் அம்மாவின் விரல்களை ஒவ்வொன்றாக எடுத்துவிட்டாள். பெட்டி கைவிட்டுப் போனதும் ஆரோக்கியமணி ஒரு நிமிஷம் வெறும் கையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பிறகுதான் அவள் அழுதாள். தலையை அவிழ்த்துப் போட்டு, மாரில் அடித்துக்கொண்டு, "என்னப் பெத்த ராசா, ஒனக்கு ஒரு வாய்த் தண்ணி ஊத்தலியே, ஒம் மொகத்தக்கூடக் காட்டலியே" என்று சொல்லிச் சொல்லி அழுதாள். ஜொஹ்ரா ஓடிவந்து, என்ன ஏதென்று கேட்காமலே அவளைக் கட்டிக்கொண்டு அழுதாள். லைனில் கதவுகள் திறந்தன. மராட்டிப் பெண்கள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு வாசலுக்கு வந்தார்கள்.

பெட்டி கனமாக இருந்ததால் ஜம்புவும் பியூனும் அதைத் தோளில் வைத்துக்கொண்டு சந்தில் மெதுவாக நடந்தார்கள். எதிரே வந்தவர்கள் ஒதுங்கி நின்றார்கள். இறைச்சிக் கடைக்காரன் தொப்பியை எடுத்தான்.

"கோன் குஸர் கயா?" இறந்தது யார் என்று யாரோ கேட்டார்.

"மேரா பேட்டா... எம் மவன்," என்றார் இன்பநாதன்.

யாரும் மறுக்கவில்லை. எப்போது என்றும் கேட்கவில்லை.

பெட்டியை ஏற்றிக்கொண்டு டாங்கா புறப்பட்டது. இன்பநாதன் அதன் பின்னால் நடந்தார். லைனிலிருந்து நாலைந்து ஆண்கள் அவரோடு சேர்ந்துகொண்டார்கள். மழை தூறியது. பெட்டி நனையாமல் இருக்க ஜம்பு தன் அங்கவஸ்திரத்தை எடுத்து அதன் மேல் போர்த்தினார். சற்றுத் தூரம் போனதும், பின்னால் வருகிறவர்களைத் திரும்பிப் பார்த்து அவருக்குச் சங்கடமாகிவிட்டது.

"நீங்க ஏன் வரேள்?" என்றார். "எல்லாம் சரியா வாங்கிண்டாச்சு. உங்க பேர்ல இனிமே ஒண்ணும் இல்லை."

இன்பநாதன் நிற்கவில்லை. கேம்ப் முடிகிற இடம் வரைக்கும் நடந்தார்.